முதல் சத்தத்துக்கு ஜிலேபி

கடையின் இரும்புக் கதவை நசீப் கௌர் பாதிதான் தூக்கியிருந்தாள். அதற்குள் ஜக்ராவ் சாலையில் வந்த ஒரு டிராக்டர் அவளுடைய குரலிலேயே பேசத் தொடங்கிவிட்டது.

“ஹலோ, ஹலோ. ஜிலேபி எல்லாருக்கும் வந்துச்சா? கடைசி வரிசைக்குத் தட்டு போகலையே, கொஞ்சம் பாருங்கப்பா.”

அதைத் தொடர்ந்து ஒரு சாரங்கி இழுத்தது. சாரங்கிக்குப் பின்னால் கைமேளம். அந்த இசை யாருடையது, எந்தப் படத்தின் தொடக்கம் என்று அவளுக்கு நன்றாகத் தெரியும். அந்தப் படம் உலகத்திலேயே அன்று மத்தியானம்தான் முதல்முறையாகத் திரைக்கு வருவதாக இருந்தது. கதவைப் பிடித்த கை அப்படியே நின்றுவிட்டது.

எங்கள் ராய்கோட்டில் கல்யாணமாகாத பையனுக்கு முதலில் டிராக்டர் வேண்டும், அப்புறம் டிராக்டருக்கு டெக் வேண்டும், பெண்ணெல்லாம் அதற்கப்புறம்தான். டெக் என்றால் வண்டியின் மேல் பீரோ கணக்காக ஏற்றி வைக்கும் பாட்டுப் பெட்டி. கம்பெனி ஆம்ப்ளிஃபையரை வாங்கி மாட்டுகிறவனை இங்கே யாரும் ஆளாகவே மதிப்பதில்லை. தன் வண்டிக்கென்று அளவெடுத்து, தன் காதுக்கென்று கட்டிக்கொள்ள வேண்டும். அப்படிக் கட்ட நசீப் கௌரை விட்டால் சுற்றுவட்டாரத்தில் ஆள் கிடையாது. ட்ரான்ஸ்ஃபார்மருக்குக் கம்பி சுற்றுவதிலிருந்து சாலிடர் வைப்பது வரைக்கும் எல்லாம் அவள் கைதான். அவள் பெட்டியில் மேளம் அடித்தால் கேட்கிறவன் சட்டை பட்டன் அதிரும். இதை நான் சொல்லவில்லை, அவளே ஒரு நாளைக்குப் பத்து தரம் சொல்வாள்.

அந்த டிராக்டரும் அவள் கட்டிய டெக்தான். ஓட்டி வந்தவன் பிந்தர், பக்கத்துக் கிராமத்துப் பையன். சாலைக்கு நடுவில் போய் நின்று கையைக் காட்டி நிறுத்தினாள்.

“எங்கேருந்துடா வந்துச்சு இது?”

“ராத்திரியே வந்துருச்சு பெஹன்ஜி. கனடாவுல இருக்கிற மச்சான் அனுப்பினான். முழுப் படமும் இருக்கு, சத்தம் கண்ணாடி மாதிரி. முதல்ல உங்க குரல்தான் வருது. நீங்க நடிச்சிருக்கீங்கன்னு எங்க வீட்டுல ஒரே பேச்சு.”

பிந்தர் பெருமையாகச் சிரித்தான். டெக்கோடு இணைத்திருந்த அவன் போனை அவள் வாங்கிப் பார்த்தாள். நீலம் தியேட்டரின் திரை, ஓரத்தில் கிழிசல் தைத்த இடம் உட்பட, பளிச்சென்று தெரிந்தது.

நீலம் தியேட்டரின் மேனேஜர் வேறு யாருமல்ல, அவள் புருஷன் தர்பாரா சிங்தான். ஒரே திரை, மரநாற்காலி, மழை பெய்தால் பால்கனியில் ஒழுக்கு. பஞ்சாபிப் படங்கள் வெள்ளிக்கிழமை காலையில் வந்தால் சாயங்காலத்துக்குள் எல்லார் போனிலும் இருந்தன. இலவசமாகப் படுக்கையில் படுத்துக்கொண்டு பார்க்கிறவன் எதற்காக மரநாற்காலிக்கு வருவான்? ஈ ஓட்டிச் சலித்துப்போன தியேட்டர் சொந்தக்காரர், இந்தப் படமும் கவிழ்ந்தால் வைசாகி அறுவடைத் திருவிழா முடிந்ததும் இடித்துக் கல்யாண மண்டபம் கட்டப்போவதாக முடிவாகச் சொல்லிவிட்டார். தர்பாரா சிங் அந்த தியேட்டரில் டிக்கெட் கிழிக்கிறவராகச் சேர்ந்து மேனேஜர் ஆனவர். இன்னொருவர் வீட்டுக் கல்யாணத்துக்கு நாற்காலி எண்ணிப் போடும் வேலையை அவர் பார்க்க வேண்டும் என்பதை நசீப் கௌரால் நினைத்துக்கூடப் பார்க்க முடியவில்லை. அதனால்தான் குளிர்காலம் முழுக்க டெக் வேலைகளை ஒதுக்கி வைத்துவிட்டு, தியேட்டருக்குப் புது ஆம்ப்ளிஃபையர்கள் கட்டினாள்.

கட்டி முடித்தாளா, அங்கேதான் வினை ஆரம்பித்தது. கனடாவில் சர்ரேயில் இருக்கும் அவள் தம்பி ஜக்தார் ஒரு சின்னப் பெட்டி வாங்கியிருந்தான். சோப்புப் பெட்டி அளவுதான் இருக்கும். உலகத்தில் பேர் பெற்ற அத்தனை ஆம்ப்ளிஃபையர்களின் சத்தத்தையும் கணினிக் கணக்காக மாற்றி உள்ளே வைத்திருந்தார்கள். பட்டனை அமுக்கினால் அந்தச் சத்தம், மறுபடி அமுக்கினால் இந்தச் சத்தம். போனில் அதை ஆட்டிக் காட்டி அக்காவைச் சீண்டுவதே அவனுக்கு வேலை. நீ ஏன் இன்னும் கம்பி சுற்றிக் கையைச் சுட்டுக்கொள்கிறாய், உன்னைப் போல இருநூறு பேரை நான் பாக்கெட்டில் போட்டுக்கொண்டு அலைகிறேன் என்பான். நசீப் கௌர் சிரித்துக்கொண்டே கேட்பாள், ஆனால் மனசுக்குள் அது முள்ளாகக் குத்தியபடியே இருந்தது.

படத்தைத் திறக்கும் டிஜிட்டல் சாவி வியாழக்கிழமையே தியேட்டருக்கு வந்துவிடும். ஆளில்லாத அரங்கில் கொஞ்சம் ஓட்டிச் சரிபார்க்கத்தான் அது, ஒரு வெளியாள்கூட உள்ளே இருக்கக் கூடாது என்பது விநியோகஸ்தரின் கட்டளை. ஆனால் நசீப் கௌரின் கடையில் ஒரு வழக்கம் உண்டு. புதுப் பெட்டி எதுவானாலும் அதன் முதல் சத்தத்தை வெற்றிடத்தில் எழுப்ப மாட்டாள். ஒரு பிரார்த்தனை, நாலு மனுஷர், எல்லார் வாயிலும் ஜிலேபி, அதற்கப்புறம்தான் ஸ்விட்ச். டிராக்டர் டெக்குக்கே அப்படி என்றால், தான் கட்டியதிலேயே பெரியதைக் காலி நாற்காலிகளுக்கு முன்னால் முழங்க வைப்பாளா? தர்பாரா சிங் விதியைச் சொல்லிப் பார்த்தார். அவள் ஒரு பார்வை பார்த்தாள். வியாழக்கிழமை சாயங்காலம் தெருவே தியேட்டருக்குள் உட்கார்ந்திருந்தது.

கல்யாண வீடியோ எடுக்கும் கேவலும் வந்தார். முதல் சத்தத்தைத் தம்பிக்கு அனுப்ப வேண்டும், கேமராவோடு வாருங்கள் என்று அவள்தான் கூப்பிட்டிருந்தாள். அவள் கட்டும் எல்லாப் பெட்டியிலும் பின்பக்கம் ஒரு சாக்கெட் இருக்கும். பாட்டுக் கச்சேரிகளில் வீடியோக்காரர்கள் கம்பியைச் சொருகிச் சத்தத்தை நேராக எடுத்துக்கொள்வதற்காக வைப்பது. தியேட்டர் பெட்டியிலும் கைப்பழக்கத்தில் அதை வைத்திருந்தாள். கேவல் கேமராவை ஸ்டாண்டில் நிறுத்தினார், கம்பியைச் சொருகினார், உட்கார்ந்து ஜிலேபி சாப்பிட்டார். கல்யாணத்தில் பெண் பல்லக்கு ஏறும்வரைக்கும் கேமராவை அணைக்காதவர் அவர். இங்கே பல்லக்கும் இல்லை, பெண்ணும் இல்லை, ஆகவே நசீப் கௌர் மைக்கில் ஜிலேபி வந்ததா என்று கேட்டதிலிருந்து, படம் முடிந்து விளக்கு போடும்வரை கேமரா ஓடியது. வெளியே வந்து எதை அனுப்ப வேண்டும் என்று கேட்டார்.

“முழுசா அனுப்புங்க கேவல் பாஜி. அவன் முழுசாக் கேக்கட்டும்.”

இதைச் சொன்னவள் சாட்சாத் நசீப் கௌர். அந்த நேரத்தில் தலை கால் புரியவில்லை அவளுக்கு. அங்கே ஜக்தார் அதை முழுசாக உட்கார்ந்து கேட்டான். சோப்புப் பெட்டியை மேஜையில் வைத்துவிட்டு, என் அக்கா கட்டியது, காது இருப்பவர்கள் கேளுங்கள் என்று எழுதி கபடிக் குழுவுக்கும் குருத்வாரா நண்பர்களுக்கும் அனுப்பினான். ஒருவன் இன்னொருவனுக்கு அனுப்ப, எவனோ ஒரு திருட்டு இணையதளத்தில் ஏற்ற, உலகம் சுற்றி அது பிந்தரின் டிராக்டரில் ஏறி அவள் கடை வாசலுக்கே வந்து நின்றது.

செய்தி கேட்டதும் தர்பாரா சிங் தலையில் கை வைத்து உட்கார்ந்துவிட்டார். யாரிடமும் வாயைத் திறக்காமல் இருந்துவிடலாம் என்று மெல்ல இழுத்தார். குரல் யாருடையது என்று சண்டிகரில் இருக்கும் படக்காரர்களுக்கு எப்படித் தெரியும்?

“ராய்கோட்டுக்கே தெரியும் சர்தார்ஜி. நாளைக்கு உங்களைத் திருடன்னு சொல்லுவாங்க. நான் பெட்டி கட்டறவ, திருடனோட பொண்டாட்டி இல்ல.” அவளே போனை எடுத்துப் படத்தின் இயக்குநரைக் கூப்பிட்டு, நேரில் வரச் சொன்னாள்.

படத்தை எடுத்தவள் தேஜ்வந்த் என்ற பெண். தயாரித்ததும் அவளே. வருஷக்கணக்காக மற்றவர்களின் படங்களில் எடுபிடியாக ஓடி, வாயைக் கட்டி வயிற்றைக் கட்டி எடுத்த முதல் படம். மத்தியான ஆட்டம் முடியும் நேரத்துக்கு தியேட்டரில் மேனேஜர் அறைக்கு வந்து சேர்ந்தாள். கண்ணெல்லாம் சிவந்திருந்தது. டீ வேண்டாம் என்றாள். மேஜையில் நேற்றைய ஜிலேபித் தட்டு இருந்தது, அதைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. நசீப் கௌர் சுற்றி வளைக்காமல் சொல்லிவிட்டாள்.

“உங்க படம் வெளிய போனது என்னாலதான். வேற யாரையும் தேடாதீங்க.”

“ஏன் பெஹன்ஜி? நான் உங்களுக்கு என்ன பண்ணேன்?”

“ஒண்ணும் பண்ணல. நான் கட்டினது என் தம்பி காதுல விழணும்னு இருந்துச்சு. என் பெருமைக்கு உங்க படத்தைப் பலி குடுத்துட்டேன்.”

திட்டியிருந்தால் தேவலை. தேஜ்வந்த் திட்டவில்லை. சுவரைப் பார்த்துக்கொண்டு, அடங்கின குரலில் கணக்குச் சொல்வது போலச் சொன்னாள். பெரிய மொழிப் படங்களுக்கு ஆயிரம் வழி உண்டு, பஞ்சாபிப் படத்துக்கு முதல் மூன்று நாள்தான் மூச்சு. அந்த மூச்சை நிறுத்திவிட்டால் அடுத்த படத்துக்கு யாரும் அவளைக் கதவுக்குள் விட மாட்டார்கள். அவளை மட்டுமில்லை, அவளை நம்பி வந்த மேளக்காரர், சாரங்கிக்காரர், சமையல்காரர் எல்லாரையும்தான். படம் திருடு போன தியேட்டர் இன்னது என்று விநியோகஸ்தரிடம் ஒரு வார்த்தை சொன்னால் போதும், நீலத்துக்கு இனி எந்தப் படமும் வராது. நசீப் கௌர் எல்லாவற்றையும் நின்றபடியே கேட்டாள்.

“சொல்லுங்க. தப்பே இல்ல. ஆனா அதுக்கு முன்னாடி ஒரு ஆட்டம் உள்ள உக்காந்து கேட்டுட்டுப் போங்க.”

சாயங்கால ஆட்டத்துக்கு வந்திருந்தவர்களை விரல் விட்டு எண்ணிவிடலாம். தேஜ்வந்த் கடைசி வரிசையில், போகும் வழியில் உட்கார்ந்தவள் போல நாற்காலி நுனியில் உட்கார்ந்தாள். கதை வீர வரலாறு பாடும் ஒரு பாணரையும் அவர் மகளையும் பற்றியது. அப்பாவின் தொண்டை கெட்டுப்போகிறது. ஊர் கூடியிருக்கும் மேடையில் அவர் வாயைத் திறக்கிறார், சத்தம் வரவில்லை. படத்திலும் சத்தமே இல்லை. நெடுநேரம் அப்படியே போகிறது. பிறகு மகள் அந்தச் சின்னக் கைமேளத்தை எடுத்து ஒரே ஒரு அடி அடிக்கிறாள்.

அந்த அடி விழுந்தபோது தேஜ்வந்த் தன் நெஞ்சில் கை வைத்துக்கொண்டாள். பக்கத்துச் சுவரோரம் நின்றிருந்த நசீப் கௌர் அதைப் பார்த்தாள். பார்த்ததும், இவ்வளவு பெரிய பாவத்தைச் செய்துவிட்டு நிற்கிறோமே என்ற எண்ணத்தையும் மீறி, அவள் உடம்பெல்லாம் பெருமை பொங்கியது. என்ன செய்வது, அவள் சுபாவம் அப்படி.

விளக்கு போட்டதும் தேஜ்வந்த் எழுந்து வந்தாள். ஸ்டூடியோவில் இந்த அடிக்காகத்தான் தான் நாள்கணக்கில் சண்டை போட்டதாகவும், சண்டிகரின் பெரிய தியேட்டரில் போட்டுப் பார்த்தபோதுகூட அது இப்படி விழவில்லை என்றும் சொன்னாள். சொல்லிவிட்டு முகத்தை மறுபடி இறுக்கிக்கொண்டாள்.

“மன்னிச்சுட்டேன்னு நினைக்காதீங்க. ஞாயித்துக்கிழமை சாயங்கால ஆட்டத்துக்கு வருவேன். தியேட்டர் நிறைஞ்சிருந்தா நான் வாயைத் திறக்கல. இல்லேன்னா திங்கட்கிழமை விநியோகஸ்தர்கிட்ட எல்லாத்தையும் சொல்லிடுவேன்.”

அது நியாயமான பேச்சு என்று நசீப் கௌருக்கே பட்டது. சனிக்கிழமை காலையில் தியேட்டருக்குப் போய், மைக்கைப் போட்டு, அதே சாக்கெட்டில் போனைச் சொருகித் தன் பேச்சைப் பதிவு செய்தாள்.

“நான் ராய்கோட் நசீப் கௌர். ஜிலேபி வந்துச்சான்னு கேட்டவ. நீங்க போன்ல பாத்த படம் என் தப்பால வெளிய போனது, எடுத்தவங்க அனுமதி குடுக்கல. தயவுசெஞ்சு அழிச்சுடுங்க. பாத்தது பாத்தாச்சு, இனிமே எதுக்குன்னு நினைக்கிறவங்க ஞாயித்துக்கிழமை நீலத்துக்கு வந்து, போன்ல கேட்டதையும் நான் கட்டினதையும் ஒத்திட்டுப் பாருங்க. போன்ல கேட்டதே மேல்னு ஒருத்தர் என் முகத்தைப் பாத்துச் சொல்லட்டும், அன்னியோட சாலிடரிங் அயர்னைக் கீழ வெச்சுடறேன். இன்னொண்ணு. என் டெக்ல இந்தத் திருட்டுப் படம் ஓடறதை இனிமே என் காதால கேட்டா, ஆனந்த்பூர் ஹோலா திருவிழாவுக்கு அந்த டிராக்டர் ஊமையாத்தான் போகும். பழுதுன்னு என் கடைப் படி ஏறாதீங்க.”

தர்பாரா சிங்குக்கு வியர்த்துவிட்டது. இப்படிச் சவால் விட்டுவிட்டு, எவனாவது வந்து விளையாட்டுக்காகப் போன்தான் மேல் என்று சொல்லிவிட்டால் என்ன செய்வது என்று கேட்டார். சொல்லித்தான் பார்க்கட்டுமே என்றாள்.

ஒலிப்பதிவைத் தம்பிக்கு அனுப்பினாள். தீ வைத்த கையாலேயே அணைக்கவும் வேண்டும் என்று ஒரு வரி சேர்த்தாள். ஜக்தார் உடனே கூப்பிட்டு அழாத குறையாக மன்னிப்புக் கேட்டான். ஒவ்வொரு குழுவாக அனுப்புவதாகச் சத்தியம் செய்தான். அப்புறம் சின்னப் பிள்ளை மாதிரி மென்று விழுங்கிக்கொண்டு, அவள் பெட்டியின் சத்தத்தைத் தன் சோப்புப் பெட்டிக்குள் கணக்குப் போட்டு ஏற்ற முயற்சி செய்ததையும் சொல்லிவிட்டான்.

“கிட்டத்தட்ட வந்துருச்சு அக்கா.”

“வரட்டும். உன் பெட்டிக்குள்ள இருக்கிறது நான் போன குளிர்ல கட்டினது. அடுத்ததை நான் இன்னும் கட்டல.”

அவன் சிரித்தான். அவளும் சிரித்தாள். முள் எங்கே போயிற்று என்று தெரியவில்லை.

ஞாயிற்றுக்கிழமை காலை ஆட்டத்துக்குக் கூட்டம் சுமார்தான். மத்தியானத்துக்கும் அப்படியே. தர்பாரா சிங் வாசலுக்கும் டிக்கெட் ஜன்னலுக்குமாக நடந்து செருப்பைத் தேய்த்தார். சாயங்காலம், கோதுமை வயல்களின் பக்கமிருந்து முதல் டிராக்டர் வந்தது. பிந்தர் ஓட்டினான். டெக் வாயை மூடியிருந்தது. பின்னால் டிரெய்லரில் அவன் வீட்டுப் பெண்கள் எல்லாரும் ஏறியிருந்தார்கள். அதற்குப் பின்னால் இன்னொரு டிராக்டர், அப்புறம் இன்னொன்று. நசீப் கௌர் ஒவ்வொன்றின் டெக்கையும் பார்த்ததும், இது எந்த வருஷம் கட்டியது, இதற்கு எந்தக் கம்பி சுற்றியது என்று மனசுக்குள் சொல்லிக்கொண்டே வந்தாள். ஒன்றும் வாய் திறக்கவில்லை. ராய்கோட் சாலையில் அத்தனை டிராக்டர்கள் சத்தமில்லாமல் போனதை அதற்கு முன்னால் யாரும் பார்த்ததில்லை.

ஆட்டத்துக்கு முன்னால் தியேட்டர் பிதுங்கியது. பால்கனியின் ஒழுகும் மூலையில்கூட ஆள். கேவலும் வந்திருந்தார், கேமரா இல்லாமல், இரண்டு கையையும் எங்கே வைப்பது என்று தெரியாமல். நசீப் கௌர் அன்று காலையிலேயே சாக்கெட்டின் வாயில் ஈயத்தை ஊற்றி அடைத்துவிட்டாள். தேஜ்வந்த் அதே கடைசி வரிசையில், அதே நாற்காலி நுனியில் இருந்தாள். ஜிலேபித் தட்டுகள் முன்வரிசையிலிருந்து நகரத் தொடங்கின. மைக்கைத் தொடாதே என்று தர்பாரா சிங் கண்ணாலேயே கெஞ்சினார். முதல் சத்தத்தை அவள் பாவத்தோடு கலந்து எழுப்பியிருந்தாள். அதை மறுபடி சுத்தமாக எழுப்பாமல் அவளால் இருக்க முடியாது. மைக்கை எடுத்தாள்.

“ஹலோ, ஹலோ. ஜிலேபி எல்லாருக்கும் வந்துச்சா?”

அவள் அடுத்த வார்த்தையைச் சொல்வதற்குள் தியேட்டர் முழுவதும், கீழேயும் மேலேயும், ஆணும் பெண்ணும், ஒரே குரலில் சொன்னது:

“கடைசி வரிசைக்குத் தட்டு போகலையே, கொஞ்சம் பாருங்கப்பா.”

சொன்ன பிறகுதான் அவர்களுக்கே உறைத்தது. அந்த வாக்கியம் திருட்டுப் படத்தைத் தவிர வேறு எங்கேயும் இல்லை. ஒருத்தர் பாக்கியில்லாமல் எல்லாரும் பார்த்திருக்கிறார்கள். பெண்கள் துப்பட்டாவால் வாயை மூடிக்கொண்டார்கள். பிந்தர் தலையை நாற்காலிக்குக் கீழே இழுத்துக்கொண்டான். நசீப் கௌருக்குக் கடைசி வரிசையைத் திரும்பிப் பார்க்கப் பயமாக இருந்தது, ஆனாலும் பார்த்தாள்.

தேஜ்வந்த் எழுந்து நின்றிருந்தாள். அத்தனை தலைகளையும், அத்தனை கைகளிலும் பாதி கிழித்த டிக்கெட்டையும் பார்த்தாள். உதட்டைக் கடித்துக்கொண்டு நின்றவள் மெதுவாக நாற்காலியில், இந்தத் தடவை நுனியில் இல்லாமல் நன்றாகச் சாய்ந்து உட்கார்ந்தாள். அவளிடம் வந்து சேர்ந்த தட்டிலிருந்து ஒரு ஜிலேபியை எடுத்து வாயில் போட்டுக்கொண்டு, பாகு ஒட்டிய கையை உயர்த்தி, ஆரம்பிக்கலாம் என்று காட்டினாள். நசீப் கௌர் ஸ்விட்சைப் போட்டாள்.